படத்துக்காகக் கட்டிய தூண்

ஸ்மில்யானா பெஸ்யாக் அந்தக் கதையை நாற்பது வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். தலைநகர் சாக்ரெபின் காபிக்கடைகளில், புலா திரைவிழா முடிந்த பிறகு நடக்கும் விருந்துகளில், திரைப்படக் கல்லூரியின் முதல் வருட மாணவர்களிடம், ஒருமுறை பல் மருத்துவரிடம்கூட, வாயிலிருந்து பஞ்சை எடுத்த கையோடு. எந்த இடத்தில் நிறுத்த வேண்டும், எந்த இடத்தில் ஒயின் கோப்பையை எடுத்து ஒரு வாய் குடித்துக் கேட்பவரைக் காக்கவைக்க வேண்டும் என்பதெல்லாம் அவளுக்கு அத்துப்படி.

கதை இதுதான். எண்பத்து மூன்றில் அவள் தன் முதல் படத்தை எடுத்தாள். கம்யூனிஸ்ட் ஆட்சி நடந்த அந்தக் காலத்தில் எல்லோரும் எடுத்த அதே போர்ப் படம். மலை, பனி, ஜெர்மன்காரர்கள், தொப்பியில் சிவப்பு நட்சத்திரம் குத்திய நம் வீரர்கள். அரசாங்கம் காசு கொடுத்தது, ராணுவம் டாங்கி கொடுத்தது. இயக்குநரிடம் எதிர்பார்க்கப்பட்டது, டாங்கியைத் தொலைக்காமல் திருப்பிக் கொடுப்பது மட்டும்தான். கடைசிக் காட்சிக்கு ஒரு நினைவுத்தூண் தேவைப்பட்டது. கடற்கரைக்குப் பின்னால் இருக்கும் கல்லுக்காட்டில், கோஸ்யா திராகா என்ற ஊருக்குப் பாதை பிரியும் முக்கில் அதை வைத்தார்கள். முதலில் செய்த பிளாஸ்டர் தூணை மலையிலிருந்து இறங்கிய வாடைக்காற்று தள்ளிவிட்டதால், அடுத்ததைச் சிமெண்டில் வார்த்தார்கள். உச்சியில் தகர நட்சத்திரம். அடியில் ஒரு பலகை, அதில் உயிர் நீத்தவர்களின் பெயர்கள்.

பெயர்களை ஸ்மில்யானாதான் கொடுத்தாள். லைட் போடுகிறவர், இரண்டு லாரி டிரைவர்கள், சமையல்காரர் என்று படக்குழுவினரின் பெயர்களை எழுதிக்கொண்டே வந்து, கடைசியில் ஸ்டெஸ்லாவ் கூர்த்தெலா என்று எழுதினாள். அந்த வசந்தத்தில் அவளை விட்டுவிட்டு ஒரு பாட்டுக்காரியோடு போனவன் அவன். அவனைக் கொன்று கல்லில் பொறிப்பது அப்போது அவளுக்கு அவசியமாக இருந்தது.

படப்பிடிப்பு முடிந்தது. தூணைப் பெயர்த்து எடுத்துவர யாருக்கும் பொறுமையில்லை, விட்டுவிட்டு வந்துவிட்டார்கள். ஒரு வருடம் கழித்துப் பேப்பரில் ஒரு போட்டோ. ஜூலை மாதம், ஜெர்மன்காரர்களை எதிர்த்துக் கிளம்பிய எழுச்சி தினம். கோஸ்யா திராகாவின் முக்கில் கழுத்தில் சிவப்புத் துணி கட்டிய பள்ளிப் பிள்ளைகள், பதக்கம் குத்திய கிழவர்கள், மலர்வளையம். பின்னணியில் நெருப்பின் மேல் கம்பியில் சுழலும் ஆடு. இந்த இடத்தில்தான் ஸ்மில்யானா ஒயினை எடுப்பாள்.

"நம்ம ஜனங்க," என்பாள், கோப்பையைக் கீழே வைத்துவிட்டு. "ஒரே வருஷம். ஒரே வருஷத்துல அது சினிமாவுக்குக் கட்டினதுங்கறதே மறந்துபோச்சு. கல்லைக் கண்டா மண்டி போடற ஜாதி. என் ஸ்டெஸ்லாவுக்கு மாலை போட்டு, கவிதை படிச்சு, அழுதுருக்காங்க. அப்புறம் தொண்ணூத்திரண்டுல, நாடு ஒடஞ்சு சண்டை வந்தப்ப, அதே ஜனங்க அதே தூணுக்கு வெடி வெச்சாங்க. கம்யூனிஸ்ட் சின்னமாம். முதல்ல தியாகி ஆக்கினாங்க, அப்புறம் துண்டு துண்டா ஆக்கினாங்க. ரெண்டுமே அவனுக்குத் தகும்."

எல்லோரும் சிரிப்பார்கள். பேராசிரியர்கள் சிரித்தார்கள், விமர்சகர்கள் சிரித்தார்கள். பாரிஸிலிருந்து வந்த ஒரு விழா இயக்குநர் கண்ணீர் வரச் சிரித்துவிட்டு, இதை நீங்கள் படமாக எடுக்க வேண்டும் என்றார்.

ஆனால் அவள் அதை எடுக்கவில்லை. எடுத்ததெல்லாம் வேறு. முதல் படத்துக்குப் புலாவில் சிறந்த உடையலங்காரத்துக்கான பரிசு கிடைத்தது. ராணுவச் சீருடைக்குப் பரிசு கொடுத்தவர்களை அவள் இன்றுவரை மன்னிக்கவில்லை. இரண்டாவதாக, ஒரு வீட்டுக்குள் ஒரு தம்பதி மெல்ல மெல்ல ஒருவரையொருவர் வெறுப்பதைப் பற்றி ஒரு படம் எழுதி இயக்கினாள். அது நல்ல படம் என்று அவளுக்குத் தெரியும். அது திரைக்கு வந்த வாரத்தில் நாடே ஒருவரையொருவர் வெறுக்க ஆரம்பித்திருந்தது, யாருக்கும் டிக்கெட் வாங்கிப் பார்க்கத் தேவைப்படவில்லை. சண்டை நடந்த வருடங்களில் அமைச்சர்களுக்குக் கொடி பறக்கும் குறும்படங்கள். சண்டை முடிந்ததும் கடலையும் ஆலிவ் எண்ணெயையும் காட்டும் சுற்றுலா விளம்பரங்கள். பிறகு, எல்லாவற்றையும்விடக் கீழே, தொலைக்காட்சித் தொடர். ஒரு பணக்கார வீடு, இரண்டு அண்ணன் தம்பி, காணாமல் போன குழந்தை, தினம் ஒரு கதவை அறைந்து சாத்துவது. எட்டு வருடம் அந்தக் கதவை அவள் இயக்கினாள். நடிகர்களை வெறுத்தாள், வசனம் எழுதிக் கொடுத்த பிள்ளைகளை வெறுத்தாள், வழியில் நிறுத்தி அந்தக் குழந்தை எங்கே என்று கேட்ட பெண்களை எல்லோரையும்விட அதிகமாக வெறுத்தாள். அந்த வெறுப்புதான் தன்னை இன்னும் கலைஞராக வைத்திருக்கிறது என்று நம்பினாள். மற்றவர்கள் தொடர் எடுத்துச் சோப்பு விற்றார்கள். அவள் சோப்பு விற்பதை இகழ்ந்துகொண்டே விற்றாள். அது வேறு என்று நினைத்தாள்.

அறுபத்தொன்பதாவது வயதில் கடைசியாக அந்தத் தூண் கதையை எழுதினாள். திரைக்கதைக்குத் 'தியாகி' என்று பெயர். படங்களுக்குக் காசு ஒதுக்கும் அரசின் நிதிக் குழு இரண்டு முறை திருப்பி அனுப்பியது. மூன்றாவது முறை முதல் சுற்றில் தேறிவிட்டது. மிச்சமிருந்தது நேர்காணல் மட்டும். தயாரிப்பாளர் க்ரூனோ அவளோடு கல்லூரியில் படித்தவன், தலையில் முடியும் பேச்சில் வெட்கமும் போனவன். இது போனால் இனி ஒன்றும் கிடையாது என்று அவன் அவளிடம் சொல்லவில்லை. சொல்லத் தேவையிருக்கவில்லை. அவள் வயதில் இன்னொரு மூன்று வருடம் வரிசையில் நின்றவர்கள், படத்துக்குப் பதிலாக வாழ்நாள் சாதனை விருது வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவதை இருவரும் பார்த்திருந்தார்கள். அவளுக்கு அந்த விருது வேண்டாம். ஒரு படம் வேண்டும். செத்தபின் போடும் செய்தியில் அந்தத் தொடரின் பெயர் முதலில் வரக்கூடாது, அவ்வளவுதான்.

கோஸ்யா திராகாவிலேயே எடுத்தால் செலவு பாதி, அந்த ஊர்க்காரர்களின் சம்மதத்தை மட்டும் வாங்கி வா என்று க்ரூனோ அனுப்பினான். நாற்பது வருடத்தில் அவள் அங்கே திரும்பிப் போனதே இல்லை.

பஞ்சாயத்துத் தலைவர் யேர்க்கோ ஒரு இளைஞன். வெள்ளை ரப்பர் காலணியும் இறுக்கமான கோட்டும் போட்டிருந்தான். சினிமாவைப் பற்றி அவனுக்குத் தெரிந்ததெல்லாம், வேறேதோ ஊரில் டிராகன் படம் எடுத்ததும் அங்கே அறை வாடகை ஏறிவிட்டது என்பதுதான். உங்க படத்துல டிராகன் இருக்கா என்று நிஜமாகவே கேட்டான். இல்லை என்றதும் முகம் கொஞ்சம் வாடியது. இருந்தாலும் தன் பங்குக்குக் கையெழுத்துப் போட்டான். ஆனால் அந்த முக்கு ஆஞ்ஜா என்ற பெண்மணியின் நிலம், அவங்க சம்மதிக்கணும், அவங்க சம்மதிச்சா ஊரே சம்மதிச்ச மாதிரி என்றான்.

ஆஞ்ஜாவின் வீடு அந்தப் பக்கத்து வீடுகளைப் போலவே இருந்தது. கீழ்த்தளம் முடிந்து, மேல்தளம் பூச்சில்லாத செங்கலாக நின்றது, பிள்ளைகள் ஜெர்மனியிலிருந்து திரும்பி வந்தால் முடிப்பதற்காக. ஆஞ்ஜாவுக்கு ஸ்மில்யானாவின் வயதுதான். குட்டையாக, அகலமாக, கறுப்பு ஸ்வெட்டரில் மாவுத்தூளோடு வாசலிலேயே நின்றாள். யார், எங்கிருந்து என்று கேட்கவில்லை. "வா, டைரக்டரம்மா. கெழடாயிட்டே," என்றாள்.

காபி வந்தது, அதற்கு முன்னால் ராக்கியா என்ற பழச்சாராயம் வந்தது. ஆட்டுத்தோலில் ஊறவைத்த பாலாடைக்கட்டி வந்தது. அவள் கணவன் மியோ மேஜையின் மறுமுனையில் உட்கார்ந்து, உலர்த்திய பன்றித் தொடையைக் காகிதம் போல மெல்லியதாக வெட்டிக்கொண்டிருந்தான். அவன் கவனமெல்லாம் கத்தியில் இருந்தது. வந்தவளை ஒருமுறை பார்த்துத் தலையசைத்ததோடு சரி.

படத்தில் என்ன கதை என்று ஆஞ்ஜா கேட்டாள். ஸ்மில்யானா ஆயிரம் தடவை சொன்ன கதையை முதல்முறையாகத் தடுமாறிச் சொன்னாள். முனைகளை மழுக்கினாள். ஒரு ஊர், அங்கே ஒரு தூண், மக்கள் அதன்மேல் வைக்கும் அன்பு, காலம் மாறும்போது அந்த அன்பு கோபமாக மாறுவது என்றெல்லாம் சொல்லிப் பார்த்தாள். அன்பு என்ற சொல்லை வேலைக்கு வெளியே அவள் பயன்படுத்திப் பல வருடம் ஆகியிருந்தது. அவள் வாயிலேயே அது பொய்ப்பல் மாதிரி ஆடியது.

ஆஞ்ஜா கையைக் கட்டிக்கொண்டு கேட்டாள்.

"அப்ப அது நெஜம்னு நாங்க நம்பிட்டோம்."

"படத்துல அப்படி வருது," என்றாள் ஸ்மில்யானா. "கற்பனைதான்."

"மியோ, கேட்டியா? நாம நம்பிட்டோமாம்."

மியோ கத்தியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "சிமெண்ட் கலந்தது யாருன்னு கேளு," என்றான்.

ஸ்மில்யானாவுக்கு ஒன்றும் புரியாதது போல ஒரு கணம் இருந்தது. ஆனால் புரிந்துவிட்டது. படக்குழுவில் கூலியாட்கள் கிடையாது. மண்வெட்டியோடு நின்றது ஊர் ஆட்கள். சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டுக் கலவை கிளறிய இளைஞர்கள் அவள் கண்முன்னே அப்படியே வந்தார்கள், ஒருவன் இந்த மியோவாகக்கூட இருக்கலாம். ஆஞ்ஜா சாவகாசமாகச் சொன்னாள். அந்த வருடம் மழை இல்லை, தண்ணீர்த்தொட்டியில் அடிமட்டம்தான் இருந்தது, கலவைக்குத் தண்ணீர் சுமந்தது தன் கழுதை. ஆட்டுக்குத் தர வேண்டிய தண்ணீரை உங்கள் தூண் குடித்தது என்று தன் மாமியார் வாரம் முழுக்கத் திட்டினாள்.

நாற்பது வருடம். ஸ்மில்யானா அந்த மேஜையில் உட்கார்ந்து, தான் அந்தக் கதையைச் சொன்ன எல்லா முகங்களையும் நினைத்துப் பார்த்தாள். அந்தப் பேராசிரியர்கள், அந்த பாரிஸ்காரர், பல் மருத்துவர். ஒருவராவது கேட்டார்களா, அதைக் கட்டியது யார் என்று? தன் கையால் வார்த்த சிமெண்டை ஒரு வருடத்தில் மறந்துவிடக்கூடிய மனிதர்கள் இருக்கிறார்கள் என்று சொன்னதும் எத்தனை படித்தவர்கள் உடனே ஒத்துக்கொண்டார்கள். அதைவிட மோசம், அவளே ஒத்துக்கொண்டது. அவள் அங்கே நின்று பார்த்தவள். கண்ணால் பார்த்ததைவிடத் தன் இகழ்ச்சியை நம்பியவள்.

அப்படியானால் மாலை போட்டது எதற்கு என்று அவள் கேட்டாள். அவள் குரல் அவளுக்கே சின்னதாகக் கேட்டது.

மாலை போட்டது ரோட்டுக்காக என்றாள் ஆஞ்ஜா. நகரத்தில் முன்னாள் வீரர் சங்கத்துக்கு ஒரு தலைவர் இருந்தார். அவர் ஆளுகையில் இருந்த தூண்கள் பக்கத்து நகரத்துத் தலைவரிடம் இருந்ததைவிடக் குறைவு, அது அவருக்குப் பெரிய குறை. ஒருநாள் வண்டியில் போகிறபோது முக்கில் இதைப் பார்த்து இறங்கினார். இங்கே செத்தார்களா என்று கேட்டார். ஊர் தலையாட்டியது. வேறெதுவும் செய்யவில்லை. முதல் வருடம் அவருடைய பெரிய வண்டியின் அடிப்பாகம் கல்லில் கிழிந்தது. அடுத்த வருடம் தார் ரோடு வந்தது. அதற்கடுத்து டெலிபோன்.

"பலகைல கடைசியா இருந்த அந்த கூர்த்தெலா யாரு?" என்று ஆஞ்ஜா கேட்டாள். "எங்க மாமனார் அவனுக்கு ஒரு பெரிய சரித்திரமே கட்டி வுட்டாரு. காயம்பட்ட தோழனைத் தோள்ல தூக்கிக்கிட்டு ஆத்தைத் தாண்டறப்ப குண்டு பட்டு செத்தான்னு. ரெண்டு வருஷம் பள்ளிக்கூடத்துல அதை நாடகமா போட்டாங்க."

"இங்க ஆறே இல்லையே," என்றாள் ஸ்மில்யானா.

"அதான். நகரத்துலேர்ந்து வந்தவங்க ஒருத்தரும் கேக்கல."

மியோ தோள் குலுங்கச் சத்தமில்லாமல் சிரித்தான். வெட்டிய துண்டுகளை ஒரு தட்டில் விசிறிபோல அடுக்கி அவள் பக்கம் தள்ளினான். தன்னிடம் அவர்களுக்குக் கோபமில்லை என்பது அவளுக்குத் தெரிந்தது. கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பாள். நகரத்திலிருந்து வருகிறவர்கள் வரிசையில் அவள் ஒருத்தி, சங்கத் தலைவர் மாதிரி, வரிக்காரர் மாதிரி. எதைக் காட்டினாலும் நம்பிவிட்டுப் போகிறவள்.

ஆஞ்ஜா எழுந்து செருப்பை மாட்டிக்கொண்டாள். கையெழுத்துப் போடுவதற்கு முன் ஒன்று காட்ட வேண்டும் என்றாள்.

வீட்டுக்குப் பின்னால் பாதை மேலே ஏறியது. மேலே சின்னக் கோயில், அதைச் சுற்றிக் கல்லறைகள். கோயிலின் பின்சுவருக்கும் மலைக்கும் நடுவே இருந்த இடுக்கில், அத்திமரத்துக்கு அடியில், முழங்கால் உயரத்துக்கு ஒரு கல் இருந்தது. சிலுவை இல்லை, நட்சத்திரம் இல்லை. உளியைப் பிடிக்கத் தெரியாத ஒருவர் வெட்டிய எழுத்தில் பெயர்கள் மட்டும். மூன்றே குடும்பப் பெயர்கள் திரும்பத் திரும்ப வந்தன.

அது ஊரில் செத்தவர்கள் என்றாள் ஆஞ்ஜா. பெரிய போர் முடிந்த மறு வருடம் தாய்மார்கள் வைத்த கல். அதில் முதலில் இருப்பது தன் பெரியப்பா, அவரைச் சிவப்பு நட்சத்திரம் குத்திய சிவப்புக்காரர்கள் சுட்டார்கள். அதற்கு அடுத்தது சித்தப்பா, அவர் சிவப்புக்காரர்களோடு மலையேறினார், அவரை ஜெர்மன்காரர்கள் பக்கம் நின்றவர்கள் சுட்டார்கள். ரெண்டு பேரும் ஒரே வயிற்றில் பிறந்தவர்கள், அதனால் ஒரே கல். எல்லாரையும் அப்படித்தான் கலந்து எழுதினார்கள், செத்த வரிசைப்படி. பழைய ஆட்சிக்காரன் பார்த்திருந்தால், துரோகிகளுக்குக் கல் வைத்தார்கள் என்று பாதிப் பெயரைச் செதுக்கி எடுத்திருப்பான். புது ஆட்சிக்காரன் பார்த்திருந்தால் மிச்சப் பாதியை.

"உன்னோட தூண் வந்தப்புறம் எங்களுக்கு நிம்மதி," என்றாள் அவள். "வர்றவன் எல்லாம் முக்குலேயே நின்னுட்டான். மாலை போட்டான், பேசினான், கறி தின்னான், போய்ட்டான். ஒருத்தனும் மேல ஏறி வரல. அப்புறம் தொண்ணூத்திரண்டுல வேற ஆளுங்க வந்தாங்க. இந்த ஊரு எந்தப் பக்கம்னு கேட்டாங்க. அவங்களுக்கு எதையாச்சும் ஒடைக்கணும். ஒடைக்கறதுக்கு அது இருந்துச்சு. மியோதான் வெடி வெச்சான். கட்டினதும் அவன்தான்."

ஸ்மில்யானா அந்தக் கல்லைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பின்னால் எண்ணிப் பார்த்தபோது அவளுக்கு மிகவும் அருவருப்பாக இருந்தது இதுதான்: அந்த நொடியில் அவள் மனம் செய்த முதல் வேலை, கேமராவை எங்கே வைப்பது என்று பார்த்தது. தாழ வைக்க வேண்டும், அத்தி இலைகளுக்கு நடுவிலிருந்து. ஆஞ்ஜாவின் செருப்பு முதலில், பிறகு கல். கீழே முக்கில் பேண்டு வாத்தியமும் சொற்பொழிவும் கேட்க, மேலே ஒரு பெண் யாருக்கும் தெரியாமல் மெழுகுவர்த்தி ஏற்றுவாள். கீழே வெடிச்சத்தம் கேட்கும்போது மேலே அத்திமரத்திலிருந்து ஒரே ஒரு பழம் விழும். இல்லை, பழம் வேண்டாம், அது மலிவு. அந்தக் கோமாளித்தனமான திரைக்கதை அவள் தலையிலிருந்து ஒரு நொடியில் உதிர்ந்து, அதன் இடத்தில் முழுப் படம் நின்றது. வாழ்க்கை முழுதும் தனக்கு ஒன்று வரும் என்று காத்திருந்தாளே, அது.

ஆஞ்ஜா அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வேண்டாம்," என்றாள்.

"நான் ஒண்ணும் சொல்லலையே."

"உன் மூஞ்சி சொல்லுது. அதை எடுக்காதே. நாளைக்கு உன் ஆளுங்க கேமராவைத் தூக்கிக்கிட்டு சுத்துவாங்க, இந்தப் பக்கம் வரக்கூடாதுன்னு சொல்லத்தான் கூட்டிட்டு வந்தேன். நீ எங்களை முட்டாளாக் காட்டிக்க. பரவால்ல. நல்லாவே நடிப்போம், பழக்கம்தான். இது மட்டும் வேணாம். இப்பவும் ஆளு வருவான், யாரு எந்தப் பக்கம்னு எண்ணிப் பாக்க. ஆஸ்பத்திரில என் பேத்தியோட வேலை பாக்கறவங்களே எண்ணுவாங்க."

ஸ்மில்யானா சரி என்றாள். ஆஞ்ஜா அந்தச் சரியை நம்பியதாகத் தெரியவில்லை. ஆனாலும் கீழே வந்து, கண்ணாடி போட்டுக்கொண்டு, கையெழுத்துப் போட்டாள். கிளம்பும்போது ஒரு பொட்டலத்தில் பாலாடைக்கட்டி கட்டிக் கொடுத்தாள். லஞ்சமா அன்பா என்று ஸ்மில்யானாவால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. அந்தச் சங்கத் தலைவருக்கும் இப்படித்தான் கட்டிக் கொடுத்திருப்பார்கள்.

திரும்பும் வழியில் கார் ஓட்டிக்கொண்டே முழுப் படத்தையும் எழுதினாள். வேண்டாம் என்று நினைத்துக்கொண்டே எழுதினாள். சாக்ரெபின் சுங்கச்சாவடிக்கு வருவதற்குள் கடைசிக் காட்சி முடிந்துவிட்டது. ஊரின் பெயரை மாற்றிவிடலாம் என்று தோன்றியது. மாற்றினால் என்ன, யேர்க்கோவே முதல் ஆளாகப் பலகை வைப்பான், படத்தில் வந்த கல் இங்கே என்று அம்புக்குறி போட்டு. கல்லைத் தீவுக்கு மாற்றலாம், வேறு நாட்டுக்கு மாற்றலாம். ஆனால் அவளுக்குத் தன்னைத் தெரியும். ஒரு விருந்தில், மூன்றாவது கோப்பையில், எங்கே பார்த்தேன் தெரியுமா என்று ஆரம்பித்துவிடுவாள். அவள் இதுவரை எதையும் தன்னோடு வைத்துக்கொண்டதில்லை. வைத்துக்கொள்ளும் அளவுக்கு எதையும் மதித்ததில்லை.

க்ரூனோ கேட்டபோது, எல்லாம் கிடைத்துவிட்டது என்று மட்டும் சொன்னாள்.

நேர்காணலில் ஐந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் இருந்தவரை அவள் ஒரு காலத்தில் திரைக்கதைப் பாடத்தில் பெயிலாக்கியிருக்கிறாள். அவர் அதை மறந்துவிட்டது போல மிகவும் மரியாதையாகச் சிரித்தார். மற்றவர்கள் முன்னால் தண்ணீர் பாட்டில்களும் தொலைபேசிகளும். ஸ்மில்யானா கதையைச் சொன்னாள். நிறுத்த வேண்டிய இடத்தில் நிறுத்தினாள். இருவர் சிரித்தார்கள், பழக்கத்துக்காக.

ஓரத்தில் இருந்த இளம்பெண் சிரிக்கவில்லை. அவள் பெயர் தேனா, இரண்டு குறும்படம் எடுத்தவள், இரண்டும் தன் தாயைப் பற்றி. ஸ்மில்யானா அவற்றைப் பார்த்துவிட்டு, இந்தப் பெண்ணின் தாய் மீது தனக்கு இரக்கம் வருவதாகப் பலரிடம் சொல்லியிருந்தாள்.

"எனக்கு ஒரு சந்தேகம்," என்றாள் தேனா. "அந்தத் தூணை ஷூட்டிங்குக்காகக் கட்டறப்ப ஊர்க்காரங்க அங்கதானே இருந்துருப்பாங்க? பாத்துருப்பாங்கல்ல? கட்டறதுலகூட உதவி பண்ணியிருக்கலாம். அவங்களுக்குத் தெரியாம எப்படி இருக்கும்? எனக்கென்னமோ அவங்களுக்குத் தெரியும்னு தோணுது. தெரிஞ்சே செஞ்சுருந்தா, ஏன் செஞ்சாங்க? அதுதானே படம்?"

நாற்பது வருடத்தில் அந்தக் கேள்வியைக் கேட்ட முதல் ஆள் இந்தப் பெண்தான். அறையில் இருந்தவர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். நடுவில் இருந்தவர் பேனாவை எடுத்தார். க்ரூனோ மேஜைக்கு அடியில் அவள் காலை மெல்ல இடித்தான்: சொல், ஆமாம் என்று சொல், அப்படியும் பார்க்கலாம் என்றாவது சொல்.

ஸ்மில்யானாவின் நாக்கு நுனியில் அத்தி இலைகள் இருந்தன. ஆமாம் என்று தொடங்கினால் அந்தக் கல்லில்தான் போய் முடிப்பாள். ஒரு வாக்கியம் போதும். அந்த ஐந்து பேரும் மூச்சைப் பிடித்துக்கொள்வார்கள் என்று அவளுக்குத் தெரியும். இந்தப் பெண் அழுதுவிடுவாள்கூட. அந்த அமைதி எப்படி இருக்கும் என்று அவள் உடம்பு முழுக்க ஆசைப்பட்டது, பசி மாதிரி, வெட்கமில்லாமல்.

"இல்ல," என்றாள். "அவங்களுக்குத் தெரியாது."

"எப்படி அவ்வளவு உறுதியா…"

"நான் போய்ப் பாத்தேன். போன வாரம்தான். முட்டாள் ஜனங்க, தேனா. உங்க தலைமுறைக்கு ஏழைன்னா அறிவாளின்னு ஒரு நெனப்பு. அங்க ஒண்ணும் இல்ல. கல்லும் ஆடும்தான்."

தேனா அவளைப் பார்த்தாள். அந்தப் பார்வையை ஸ்மில்யானா அறிவாள். தானே ஆயிரம் பேரைப் பார்த்த பார்வை அது: இதற்குமேல் இங்கே ஒன்றும் இல்லை என்று கண்டுகொண்டு, பிறகு மரியாதைக்காக மட்டும் முகத்தில் வைத்திருப்பது. நடுவில் இருந்தவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, வந்ததற்கு நன்றி சொன்னார். உங்களைப் போன்ற மூத்தவர்களின் பங்களிப்பு என்று தொடங்கி ஏதோ சொன்னார். முடிவு பிறகு தெரிவிக்கப்படும் என்றார். ஐந்து பேருக்கும் அப்போதே தெரிந்துவிட்டிருந்தது.

தாழ்வாரத்தில் க்ரூனோ அவள் முன்னால் வந்து நின்றான். அவன் கத்தவில்லை. கத்தியிருந்தால் பரவாயில்லை.

"தங்கத் தட்டுல வெச்சுக் குடுத்தா அந்தப் பொண்ணு," என்றான். "எடுத்து வாயில போட்டுக்க வேண்டியதுதான். உனக்கு முடியல. ஏன் தெரியுமா? உனக்கு மனுஷங்களையே பிடிக்காது, ஸ்மில்யா. ஒரு படத்துக்காகக்கூட, ஒரு நிமிஷம்கூட, இன்னொருத்தன் உன்னைவிட புத்திசாலியா இருக்கலாம்னு ஒத்துக்க உன்னால முடியல. நாப்பது வருஷமா பாக்கறேன்."

அவன் சொன்னது பெரும்பாலும் உண்மை. அவளுக்கு இன்னும் அவனைப் பிடிக்கவில்லை, தேனாவின் குறும்படங்கள் இன்னும் மோசமாகத்தான் இருந்தன, யேர்க்கோ இன்னும் ஒரு மடையன்தான். தான் ஏதோ நல்லது செய்துவிட்டதாகத் தோன்றுமோ என்று உள்ளே தேடிப் பார்த்தாள். தோன்றவில்லை. கையில் வந்த ஒரே நல்ல படத்தைக் கீழே போட்ட எரிச்சல்தான் இருந்தது. அதை யாரிடமும் சொல்லிச் சிரிக்க முடியாது என்ற எரிச்சல் அதைவிடப் பெரிதாக இருந்தது.

க்ரூனோ லிஃப்டைக் கூப்பிட்டுவிட்டு, அவள் வருவாள் என்று காத்திராமல் ஏறிப் போய்விட்டான்.

ஸ்மில்யானா படிகளில் இறங்கினாள். கோஸ்யா திராகாவில் அவர்கள் குளிர்காலம் முழுக்கக் காத்திருப்பார்கள், லாரிகள் வருமென்று, லைட்டுகள் வருமென்று, இந்த முறை கேட்டுப் பார்த்தால் தண்ணீர்க் குழாயாவது வருமென்று. வசந்தம் வந்தும் ஒன்றும் வராதபோது ஆஞ்ஜா மியோவிடம் சொல்வாள், அந்த டைரக்டரம்மாவுக்கு இனிமே வக்கு இல்ல, மூஞ்சியப் பாத்தப்பவே தெரிஞ்சுது என்று. மியோ கத்தியிலிருந்து கண்ணை எடுக்காமல் சிரிப்பான். ஊர் முழுக்க அதைச் சொல்லிச் சிரிப்பார்கள், கதையாகவே சொல்வார்கள், நகரத்துக்காரி ஒருத்தி வந்து பாலாடைக்கட்டியைத் தின்றுவிட்டுப் போனாள் என்று. எங்கே நிறுத்த வேண்டும் என்பது அவர்களுக்கும் தெரிந்திருக்கும்.

இரண்டாம் மாடியில் கால் கொஞ்சம் வலித்தது. கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, அவள் மீதிப் படிகளையும் இறங்கினாள்.